கட்டாத கன்று

ஜூன் 4

தங்கைக்கு,

மிளகு பத்திரமாக வந்து சேர்ந்திருப்பாள். உன் கால் உடைந்ததிலிருந்து ஒன்பது மாதம் என் தொழுவத்தில் நின்ற குதிரையை அழைத்துப்போக ஒரு லாரிக்காரரை அனுப்பியிருக்கிறாய். அவர் கையில் ஒரு சீட்டு, ‘தயவுசெய்து கொடுத்தனுப்பவும்’ என்று. அண்ணனிடம் என்ன தயவு? கால் இன்னும் கூடவில்லை என்றால் அதை ஒரு வரி எழுதியிருக்கலாம். இருபது வருடம் குதிரைமேலிருந்து விழாதவள் பரண் ஏணியிலிருந்து விழுந்தாய் என்று நான் யாரிடமும் சொல்லிச் சிரிக்கவில்லை. சிரித்தது உன் அண்ணி.

மிளகு லாரியில் ஏறமாட்டேன் என்று அரைமணி நேரம் நின்றாள். “புகுந்த வீட்டுக்குப் போற பொண்ணுகூட இவ்வளவு அடம் பிடிக்காதுங்க” என்றார் லாரிக்காரர். கடைசியில் நான் பலகையில் முன்னால் ஏறி நடந்தேன். பின்னாலேயே வந்துவிட்டாள்.

ஒரு விஷயம். அவளுடைய இடது கண்ணுக்குக் கீழே இரண்டு விரற்கடை தள்ளி ஒரு மரு இருக்கிறது. பட்டாணி அளவு. பார்த்ததும் ஊரைக் கூட்டாதே. ஏப்ரலில் அந்த இடத்தில் முடி உதிர்ந்து சாம்பல் நிறத்தில் ஒரு வட்டம் தெரிந்தது, பிறகு சொரசொரவென்று எழும்பியது. நானே கட்டியிருப்பேன், அதற்குள் உன் லாரி வந்துவிட்டது. மெழுகு தேய்த்த நூலை மருவின் அடியில் இரண்டு சுற்றுச் சுற்றி மூன்று முடிச்சுப் போடு. தினம் காலையில் கொஞ்சம் இறுக்கு. ஒன்பதாம் நாள் காய்ந்து விழும். நாற்பது வருடத்தில் இருநூற்றுப் பதினேழு கன்றுகளுக்குக் கட்டியிருக்கிறேன். எல்லாம் நோட்டில் இருக்கிறது. ஒன்றுகூடத் தவறியதில்லை. எந்தப் பள்ளிக்கூடத்திலும் படித்ததில்லை. மாட்டுக்குப் பின்னால் நின்று படித்தது.

அவள் முகத்தில் மாட்டியிருக்கும் தலைக்கயிறு பழசு. திருப்பி அனுப்ப வேண்டாம், தூக்கி எறிந்துவிடு.

உன் அண்ணன்

ஜூன் 15

அன்புள்ள அண்ணனுக்கு,

சீட்டு எழுதியது தப்புதான். வலி மாத்திரை போட்டுக்கொண்டு எழுதினால் எனக்கு மரியாதை அதிகமாக வந்துவிடுகிறது. மிளகு இறங்கியதும் என் தலையை முகர்ந்தாள், பிறகு ஊன்றுகோலைக் கடித்துப் பார்த்தாள். அதோடு மன்னித்துவிட்டாள். உனக்கு எத்தனை நாள் ஆகும்?

மரு விஷயம். எங்கள் குதிரையேற்றப் பள்ளிக்கு மாதம் ஒருமுறை வரும் டாக்டரம்மாவிடம் காட்டினேன். பார்த்ததும் என் கையைத் தட்டிவிட்டார். “கிள்ளாதீங்க, கட்டாதீங்க, சுரண்டாதீங்க. குளவிக்கூட்டைக் கலைச்ச மாதிரி ஆயிடும்” என்றார். மாடுகளுக்கு மருவைக் கொண்டுவரும் அதே வைரஸ்தானாம் இது. ஆனால் குதிரைத் தோலில் அது மருவாக நிற்காதாம், கட்டியாக வேர்விடுமாம். தானாகப் போவது அபூர்வமாம். பெரிய ஆஸ்பத்திரியில் உறையவைத்து எடுப்பார்கள். அதற்கு முறை வர இரண்டு மாதம் ஆகும்.

அவர் கேட்கச் சொன்னார், அதனால் கேட்கிறேன். மிளகு அங்கே இருந்தபோது உன் கன்றுகளில் எதற்காவது மரு இருந்ததா? கன்றுக்குப் போட்ட கயிறு, தேய்த்த பிரஷ் ஏதாவது மிளகுமேல் பட்டதா? ஈ மூலமாகவும் வருமாம். சின்னச் சிராய்ப்பு இருந்தால் போதுமாம். அவள் முகத்தில் எப்போதும் மாட்டியிருக்கும் தோல்வார் என்ன ஆயிற்று?

கட்டுவதா, காத்திருப்பதா? நீயே சொல்.

தங்கை

ஜூன் 22

தங்கைக்கு,

முந்தி முளைத்த காதைப் பிந்தி முளைத்த கொம்பு மறைக்கும் என்பார்கள். அந்த டாக்டரம்மாவுக்கு என்ன வயது? நான் முதல் கன்றுக்கு நூல் கட்டியபோது அவர் பிறந்திருந்தாரா?

கன்றுக்கு மரு வருவது குழந்தைக்குப் பல் முளைப்பது மாதிரி. எந்தத் தொழுவத்தில் இல்லை? அதற்கெல்லாம் வைரஸ் என்று பெயர் வைத்தால் ஆஸ்பத்திரியில் வரிசை நீளும். தோல் ஒன்றுதான். மாட்டுத்தோலில் விழுவது குதிரைத்தோலில் விழாது என்று எந்த மரு படித்துவிட்டு வருகிறது?

இரண்டு மாதம் சும்மா இருந்தால் அது எலுமிச்சை ஆகும். கட்டு. உனக்கு அண்ணன் வேண்டுமா டாக்டரம்மா வேண்டுமா என்று நான் கேட்கப்போவதில்லை. கேட்க வேண்டிய நிலைமையில் என்னை வைக்காதே.

அண்ணன்

ஜூலை 6

அன்புள்ள அண்ணனுக்கு,

கட்டினேன். எட்டாம் நாளே விழுந்துவிட்டது. அந்த இடம் காய்ந்து சுத்தமாக இருக்கிறது.

டாக்டரம்மாவிடம் சொல்லவில்லை. எனக்கு ஏழு வயதில் உள்ளங்காலில் கண்ணாடிச் சில்லு ஏறியதே, நினைவிருக்கிறதா? “கண்ணை மூடு” என்றாய். மூடினேன். திறந்தபோது சில்லு உன் விரலில் இருந்தது. இந்த எட்டு நாளும் அப்படித்தான் நூலை இறுக்கினேன். மிளகு ஒருமுறைகூடத் தலையை இழுக்கவில்லை. அவளுக்கு என்மேல் அவ்வளவு நம்பிக்கை.

பிள்ளைகள் வகுப்புக்குத் திரும்பிவிட்டார்கள். பயந்த பிள்ளைகளை முதலில் மிளகுமேல்தான் ஏற்றுவேன். இந்த வாரம் மூன்று பேர்.

நீ ஜெயித்தாய். அண்ணியிடமும் சொல்.

தங்கை

ஜூலை 12

சின்னவளுக்கு,

ஜெயிக்க இதில் என்ன இருக்கிறது? நோட்டில் 218 என்று எழுதி, பக்கத்தில் ‘குதிரை’ என்று போட்டுவிட்டேன். டாக்டரம்மா அடுத்தமுறை வரும்போது அந்த இடத்தைத் தடவிப் பார்க்கச் சொல்.

அண்ணன்

ஆகஸ்ட் 30

அண்ணனுக்கு,

திரும்ப வந்துவிட்டது. ஒன்று இருந்த இடத்தில் மூன்று. நடுவில் இருப்பது என் கட்டைவிரல் அளவு, மேல்தோல் வெடித்து ரத்தம் கசிகிறது. ஒன்று கீழ் இமைக்குள் ஏறிவிட்டது. ஈ மொய்க்காமல் இருக்க முகத்துக்கு வலை தைத்துப் போட்டிருக்கிறேன்.

டாக்டரம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் திட்டியிருந்தால் தேவலை. மூன்று கட்டியையும் அளந்து குறித்துக்கொண்டு, “உங்க அண்ணன் பொய் சொல்லலைங்க. அவர் கட்டின கன்னுக்கெல்லாம் விழுந்திருக்கும். கட்டாட்டியும் விழுந்திருக்கும்” என்றார். கன்றின் உடம்பு சில மாதத்தில் அந்த வைரஸை அடையாளம் கண்டு தானே விரட்டிவிடுமாம். நூலுக்கு அதில் வேலையே இல்லையாம். குதிரை உடம்பு அப்படி விரட்டாது. காயப்பட்டால் கட்டி இன்னும் வேகமாகப் பரவும். “காக்கா உட்காரப் பனம்பழம் விழுந்த கதைதான்” என்றார்.

உன்னைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. கட்டியது என் கை. ஆனால் ஜூனில் கேட்டதற்கு நீ பதில் சொல்லவில்லை. மறுபடி கேட்கிறேன். கன்றின் கயிறு ஏதாவது அவள் முகத்தில் பட்டதா?

தங்கை

செப்டம்பர் 8

தங்கைக்கு,

உன் கடிதத்தை இரண்டுமுறை படித்தேன். மூன்றாம்முறை படிக்க உன் அண்ணி விடவில்லை.

நாற்பது வருடம் இந்தக் கை செய்ததற்குப் பெயர் காக்கை உட்கார்ந்ததா? விடியுமுன் கன்றைத் தோளில் தூக்கிக்கொண்டு என் வாசலுக்கு வந்தவர்கள் எல்லாரும் பனம்பழம் பொறுக்க வந்தவர்களா? ஒருவரிடமும் நான் கை நீட்டியதில்லை. எனக்கு இருந்ததெல்லாம் ‘அவர் கட்டினால் விழும்’ என்ற ஒரு சொல்தான். அதையும் உன் டாக்டரம்மா எடுத்துக்கொள்ளட்டும்.

நீ சரியாக இறுக்கியிருக்கமாட்டாய். அல்லது வேர் தங்கும்படி இழுத்திருப்பாய்.

கயிறு பற்றிக் கேட்டாய். குதிரைக்குத் தனி வாளி, தனி பிரஷ், தனிக் கயிறு. போதுமா?

இப்போது ஐந்து கிடேரிகளுக்கு மரு இருக்கிறது. ஐந்துக்கும் இடது பக்கத்தில் மட்டும் கட்டப்போகிறேன். வலது பக்கத்தைத் தொடமாட்டேன். இடது விழுந்து வலது நிற்கும். அப்போது எழுதுகிறேன். அதுவரை எழுதுவதற்கில்லை.

அண்ணன்

நவம்பர் 20

அண்ணனுக்கு,

நீ எழுதாவிட்டாலும் நான் எழுதுகிறேன்.

செப்டம்பர் கடைசியில் பெரிய ஆஸ்பத்திரியில் முறை கிடைத்தது. கண்ணுக்குக் கீழே இருந்த இரண்டையும் வெட்டி, அடியை உறையவைத்தார்கள். இமையில் வெட்ட முடியாது. குழந்தைகளுக்குக் காசநோய் வராமலிருக்கப் போடுகிறோமே, அந்தத் தடுப்பூசி மருந்தை இமைக்கட்டிக்குள்ளேயே செலுத்தினார்கள். உடம்பைச் சீண்டி எழுப்பி, அதையே சண்டைக்கு அனுப்பும் வழியாம். மூன்றுமுறை போட்டாயிற்று. முதல்முறைக்குப் பிறகு பாதியாகச் சுருங்கியது. நான் பள்ளிக் கரும்பலகையில் ‘மிளகு தேறிவிட்டாள்’ என்று எழுதிவைத்தேன். மூன்றாம்முறைக்குப் பிறகு பழையபடி வளர்ந்துவிட்டது. கரும்பலகையை அழிக்க இன்னும் மனம் வரவில்லை.

இடது கண் முக்கால்வாசி மூடிவிட்டது. அந்தப் பக்கமிருந்து யார் கை நீட்டினாலும் தலையைச் சுவரில் மோதிக்கொள்கிறாள். நான் நீட்டினாலும்தான். பிள்ளைகளை ஏற்றுவதில்லை.

மூன்றாவது முறையாகக் கேட்கிறேன், அண்ணா. இனிமேல் கேட்கமாட்டேன். கயிறு.

தங்கை

டிசம்பர் 14

தங்கைக்கு,

எழுதுவதாகச் சொன்னேன், எழுதுகிறேன்.

இடது பக்கம் விழுந்தது. வலது பக்கமும் விழுந்தது. ஐந்துக்கும். உடனே எனக்கு ஒரு காரணம் கிடைத்துவிட்டது. ஒரு பக்கம் கட்டியதில் மறுபக்கமும் வாடிவிட்டது என்று உன் அண்ணியிடம் சொன்னேன். அவள் தவிட்டைக் கலந்துகொண்டே, தலையைத் தூக்காமல், “அப்ப முட்டிக்கு யாரு கட்டினா?” என்றாள்.

முட்டி என்பது போன வருடத்துக் கிடேரி. கிட்டே போனால் முட்டுவாள், அதனால் அந்தப் பெயர். போன வருட மழைக்காலத்தில் அவள் கழுத்தெல்லாம் காலிஃபிளவர் மாதிரி மரு. நூலோடு நான்குமுறை போனேன். இரண்டுமுறை என்னை வேலியில் வைத்து நசுக்கினாள். போய்த் தொலை என்று விட்டுவிட்டேன். உன் அண்ணி கேட்டபிறகு தொழுவத்துக்குப் போய்ப் பார்த்தேன். கழுத்து கண்ணாடி மாதிரி இருக்கிறது. எப்போது விழுந்தது என்றுகூட எனக்குத் தெரியாது.

நோட்டை எடுத்து முதல் பக்கத்திலிருந்து பார்த்தேன். இருநூற்றுப் பதினேழும் நான் கட்டியவை. கட்டாமல் விட்டவை ஒன்றுகூட அதில் இல்லை. கைக்கு அடங்காதவை, தூரத்தில் இருந்தவை, நான் காய்ச்சலில் கிடந்தபோது வந்து திரும்பிப் போனவை. அவற்றை எழுத வேண்டும் என்று எனக்குத் தோன்றியதே இல்லை. செய்யாத வேலையை யார் நோட்டில் எழுதுவார்கள்?

டாக்டரம்மா சொன்னது சரி என்று நான் சொல்லவில்லை. பார்த்ததை எழுதியிருக்கிறேன்.

மிளகு தவிடு தின்கிறாளா?

அண்ணன்

ஜனவரி 28

அன்புள்ள அண்ணனுக்கு,

தின்கிறாள். கொஞ்சமாக.

வலது கண்ணுக்குப் பக்கத்திலும் சாம்பல் வட்டம் வந்துவிட்டது. இடது கண்ணில் சீழ். வலி மருந்து கொடுத்தால் நான்கு மணி நேரம் நிற்கிறாள், பிறகு நெற்றியைக் கதவில் அழுத்திக்கொண்டு அப்படியே இருக்கிறாள். டாக்டரம்மா நேற்று என்னை உட்காரவைத்து, “இனி நான் செய்யறது எல்லாம் உங்களுக்காகத்தான் இருக்கும், அவளுக்காக இருக்காது” என்றார். பிப்ரவரி ஏழாம் தேதி காலை கடைசி ஊசி போடுவதாக முடிவு செய்திருக்கிறோம்.

முற்றத்துக்குப் பின்னால் மணல் பரப்பிய இடம் இருக்கிறது. அங்கே அவள் நடந்து வர வேண்டும். இப்போது யார் கூப்பிட்டாலும் லாயத்தைவிட்டு நகர்வதில்லை. லாரியில் ஏற நீ முன்னால் நடந்தாயே.

நீ வருகிறாயா?

தங்கை

பிப்ரவரி 5

சின்னவளுக்கு,

வரமாட்டேன். சட்டையை மாட்டிக்கொண்டு பஸ் நிறுத்தம்வரை போய்த் திரும்பிவிட்டேன். நான் முன்னால் நடந்தால் அவள் பின்னால் வருவாள். அதனால்தான் வரவில்லை.

நீ மூன்றுமுறை கேட்டாய். அவள் இங்கே வந்த மறுமாதம், அக்டோபரில், அவளுடைய தோல்வார் அறுந்தது. தைக்கக் கொடுத்தால் இரண்டு நாள் ஆகும் என்றார்கள். கைக்கு எட்டிய ஆணியில் முட்டியின் தலைக்கயிறு தொங்கியது. அன்று காலைதான் முட்டியின் கழுத்திலிருந்து அதைக் கழற்றினேன், மருவில் ரத்தம் கசிகிறதே என்று. அதை மிளகுக்குப் போட்டேன். அளவு சின்னது. இடது கண்ணுக்குக் கீழே உரசி ஒரு சிராய்ப்பு விழுந்தது. எண்ணெய் தடவினேன். இரண்டு நாள் என்று நினைத்தது, தோல்வாரை வாங்கிவர மறந்து, அவள் கிளம்பும்வரை அந்தக் கயிறுதான்.

உன் முதல் கடிதம் வந்தபோதே எனக்குத் தெரியும். தெரிந்ததால்தான் கட்டச் சொன்னேன். கட்டி விழுந்துவிட்டால் அது வெறும் மரு, கயிற்றுக்கு அதில் பங்கில்லை என்று ஆகிவிடும் அல்லவா? செப்டம்பரில் தனிக் கயிறு என்று எழுதியது பொய். நான் உன்னிடம் சொன்ன பொய்கள் அதிகமில்லை. இது ஒன்றே எல்லாவற்றுக்கும் போதும்.

இந்தக் கடிதம் ஏழாம் தேதிக்குள் வருமோ என்னவோ தெரியாது. வந்தால் அவளிடமும் படித்துக் காட்டு.

அண்ணன்

பிப்ரவரி 12

அன்புள்ள அண்ணனுக்கு,

கடிதம் பத்தாம் தேதி வந்தது.

நீ வராததால் நான் முன்னால் நடந்தேன். ஊன்றுகோலை வீசிவிட்டு நொண்டிக்கொண்டு, திரும்பிப் பார்க்காமல். வெகுநேரம் கழித்துக் குளம்புச் சத்தம் கேட்டது. வலது பக்கமாக வந்து என் தோளில் முகத்தை வைத்தாள். டாக்டரம்மா வேலையை முடித்துவிட்டு, வண்டிக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு சற்றுநேரம் உட்கார்ந்திருந்தார். கரும்பலகையை நேற்று அழித்தேன்.

அண்ணா, எனக்குக் கயிறு தெரியும். நீ தூக்கி எறியச் சொன்ன கயிறு அவள் முகத்தோடுதான் வந்து இறங்கியது. கன்றுக்குப் போடும் அளவு. முடிச்சு உன் முடிச்சு. இழைகளுக்குள் செம்பட்டை மயிர் சிக்கியிருந்தது. மிளகு வெள்ளைக் குதிரை, அவளுக்கு ஏது செம்பட்டை? ஜூன் மாதமே அதைக் காகிதத்தில் சுற்றி அலமாரியில் வைத்துவிட்டேன். தெரிந்துகொள்வதற்காக நான் கேட்கவில்லை. நீ சொல்வதற்காகக் கேட்டேன். முதல்முறை கேட்டபோதே சொல்லியிருந்தால் நான் கட்டியிருக்கமாட்டேன். பட்டாணி அளவில் ஆஸ்பத்திரிக்குப் போயிருப்போம்.

ஆனால் தெரிந்திருந்தும் கட்டினேனே. அதற்கு நான் யாரிடம் கோபப்படுவது? அண்ணன் சொன்னால் கண்ணை மூடிக்கொள்வது எனக்குப் பழகியிருந்தது. இப்போது அந்தப் பழக்கம் விட்டுப்போயிற்று.

இப்போது வராதே. கடிதம் எழுது.

தங்கை

மார்ச் 9

சின்னவளுக்கு,

எழுதச் சொன்னாய். மூன்று தாளைக் கிழித்துவிட்டு இதை எழுதுகிறேன்.

போன வாரம் இரண்டு பேர் கன்றுகளோடு வந்தார்கள். கட்ட வேண்டாம், ஆறு மாதம் பொறுத்தால் தானே விழும், அதன் கயிற்றையும் பிரஷையும் மற்றவற்றுக்குப் போடாமல் இருங்கள் என்றேன். ஒருவர் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “பெரியவருக்குக் கை நடுங்குது போல” என்று மற்றவரிடம் சொன்னார். வேறொருவரிடம் கட்டிக்கொள்ளப் போய்விட்டார்கள். கன்றுகளுக்கு விழும். அவருக்குப் பெயர் வரும். வரட்டும்.

நோட்டில் 218ஐ அடிக்கவில்லை. ‘குதிரை’ என்பதற்குப் பக்கத்தில் மிளகு என்று பெயர் எழுதி, தேதி போட்டு, ‘கட்டியதால்’ என்று எழுதியிருக்கிறேன். அதற்கு அடுத்த பக்கத்தில் கட்டாத கன்றுகளுக்கு ஒரு தனி வரிசை ஆரம்பித்திருக்கிறேன். முதல் பெயர் முட்டி.

ஒன்று கேட்கிறேன். அந்தக் கயிற்றை அனுப்பு. எதில் முக்கினால் சுத்தமாகும் என்று டாக்டரம்மாவிடம் கேட்டு, அதில் முக்கி, காயவைத்து அனுப்பு. நான் கேட்டதாகவே சொல்லிக் கேள்.

எரிக்கமாட்டேன். தொழுவத்துக்கு உள்ளே இல்லாமல் வெளிவாசலில் ஓர் ஆணி அடித்து வைத்திருக்கிறேன். அதில் மாட்டுவேன். வருகிறவர்கள் கட்டாயம் கேட்பார்கள், கயிறு எதற்கு இங்கே தொங்குகிறது என்று. முதல்முறை கேட்கும்போதே சொல்லிவிடுவேன்.

அண்ணன்